நாற்பத்தொன்றாம் வண்டியின் நடுக்கம்

காலை ஏழு மணிக்கே பட்டறை வாசலில் பதினோரு வாடகைக் கார்கள் வரிசை கட்டி நின்றன. எல்லாம் ஒரே கம்பெனி, ஒரே நிறம், கதவில் மட்டும் வேறு வேறு எண். டிரைவர்கள் சன்னலை இறக்கிவிட்டு உள்ளேயே உட்கார்ந்திருந்தார்கள். இறங்கினால் வரிசை போய்விடும், உட்கார்ந்தே இருந்தால் முதுகு போய்விடும். முதுகு போனால் பரவாயில்லை என்று முடிவு செய்தவர்கள் அவர்கள். தகரக் கொட்டகைக்குள் ஒரு பானெட்டின் அடியிலிருந்து வழுக்கைத் தலை ஒன்று நிமிர்ந்து, "அடுத்தது வரலாம்" என்றது.

அந்த மெக்கானிக்கை எல்லோரும் டாக்டர் என்றுதான் கூப்பிடுவார்கள். நீளமான ஸ்க்ரூடிரைவரின் முனையை இன்ஜினில் ஊன்றி, அதன் கைப்பிடியைக் காதோடு ஒட்டிக் கண்ணை மூடிக்கொண்டு நிற்பார். முப்பது வருஷமாக இதுதான் வைத்தியம். கோளாறை எண்ணாகக் காட்டும் ஸ்கேனர் ஒன்றைக் கம்பெனி வாங்கிக் கொடுத்திருந்தது. அதை அவர் அவ்வளவாக மதிப்பதில்லை. "லேப்ல எல்லாம் நார்மல்னுதான் வரும். ஆளு பக்கத்துலயே செத்துக் கெடப்பான்" என்பார்.

அடுத்தது நாற்பத்தொன்று. அது வந்து நிற்பதற்குள்ளேயே டாக்டர் தலையைத் திருப்பிவிட்டார். நம்பர் பிளேட் கிடுகிடுவென்று ஆடிக்கொண்டிருந்தது. ஓட்டி வந்தவளுக்கு முப்பத்தைந்து வயதிருக்கும். இறங்கியதும் முதல் வேலையாக இரண்டு உள்ளங்கைகளையும் இடுப்பில் தேய்த்துக்கொண்டாள்.

"கை மரத்துப் போவுதாம்மா?"

"கை மட்டுமாண்ணே? வீட்டுக்குப் போயி தம்ளரைப் புடிச்சா தண்ணி தளும்புது. எம்பொண்ணு சிரிக்கறா."

"இதுக்கு முன்னாடி காட்டலயா?"

"மூணு தடவை காட்டிட்டேன். ஸ்கேனரைச் சொருகுறாங்க, ஒண்ணும் இல்லங்கறாங்க, அனுப்பிடறாங்க. நீங்க வேலையில இருக்கற அன்னிக்கு இப்பதான் வந்து மாட்டியிருக்கேன்."

அவள் போனை நீட்டினாள். சவாரி முடிந்ததும் பயணிகள் போடும் ஸ்டார்கள் அதில் இருந்தன. சராசரி மூன்று புள்ளி ஆறு. மூன்றரைக்குக் கீழே இறங்கினால் டிரைவரின் ஐடி தானாகவே பூட்டிக்கொள்ளும். அப்புறம் யாரிடம் போய் அழுதாலும் திறக்காது. ஸ்டார்களுக்குக் கீழே பயணிகள் எழுதியதும் இருந்தது. வண்டி உதறுகிறது. சிக்னலில் நிற்கும்போது பயமாக இருந்தது. பொம்பளைக்கு எதுக்கு இந்த வேலை, ஓட்டவே தெரியவில்லை. கடைசி வரியை டாக்டர் இரண்டு முறை படித்தார்.

"வீட்டுக்காரர் சாரத்துலேருந்து விழுந்து இடுப்பு போயிடுச்சு. படுத்தே ஒன்றரை வருஷம்" என்றாள். அவர் கேட்கவில்லை. ஆனாலும் கேட்டவருக்குப் பதில் சொல்வதுபோலச் சொன்னாள். "பொண்ணு ஏழாவது படிக்கறா. இந்த ஐடி ஒண்ணுதாண்ணே இருக்கு."

டாக்டர் பானெட்டைத் தூக்கி நிறுத்தினார். ஸ்க்ரூடிரைவரைக் காதில் வைத்தார். இன்ஜினுக்குள் ஒரு குறையும் இல்லை, சொன்ன பேச்சைக் கேட்கும் பிள்ளையாக ஓடிக்கொண்டிருந்தது. இன்ஜின் சுகமாக இருந்து வண்டி நடுங்கினால் அர்த்தம் ஒன்றுதான்.

"உள்ள உக்காரு. பிரேக்கை நல்லா அழுத்திப் புடி. டிரைவ்ல போடு. லேசா, ரொம்ப லேசா ஆக்சிலேட்டரைக் குடு. ம். இப்ப ரிவர்ஸ்."

இன்ஜினின் ஒரு பக்கம், மூட்டை தூக்குபவனின் தோளைப் போல மேலே எழும்பியது. ரிவர்ஸில் போட்டதும் பொத்தென்று இறங்கியது. உள்ளே எங்கோ இரும்பு இரும்பை இடித்தது.

"கெடச்சிருச்சு" என்றார் டாக்டர். "இன்ஜின் மவுண்ட்டும்மா. இன்ஜின் அப்படியே பாடியில உக்காரல. நடுவுல ஒரு ரப்பர் கட்டை இருக்கு. மாமியாருக்கும் மருமகளுக்கும் நடுவுல நிக்கற புருஷன்னு வெச்சுக்கோ. இந்தப் பக்கத்து இடியையும் அந்தப் பக்கத்து இடியையும் அவன்தான் வாங்கிக்குவான். அவன் தேஞ்சுட்டான்னா ரெண்டும் நேராவே மோதிக்கும்."

அவள் சிரித்தாள். பல நாளுக்கப்புறம் சிரிப்பவளின் சிரிப்பு அது, பாதியிலேயே நின்றுவிட்டது. "மாத்திடலாமாண்ணே?"

மாற்றுவது அரை நாள் வேலை. மவுண்ட்டைக் கையில் வாங்குவதுதான் பெரும்பாடு. கம்பி வலைக்குப் பின்னால் இருக்கும் ஸ்டோர்காரர் இரண்டில் ஒன்று கேட்பார். ஸ்கேனர் காட்டிய எண் வேண்டும், இல்லையென்றால் கிழிசல் தெரிகிற போட்டோ வேண்டும். ரப்பர் கிழிந்ததை எந்த ஸ்கேனரும் காட்டாது. இன்ஜின் சும்மா உட்கார்ந்திருக்கும்போது அதன் பாரத்தில் கிழிசல் வாயை மூடிக்கொள்ளும், போட்டோவிலும் தெரியாது. இன்ஜின் எழும்பும் நேரத்தில்தான் வாய் பிளக்கும்.

டாக்டர் ஓடும் இன்ஜினுக்கும் சக்கரத்துக்கும் நடுவிலுள்ள சந்தில் போனோடு கையை நுழைத்துக் குனிந்தார். பெல்ட் அவர் முழங்கைக்கு நாலு விரல் தள்ளிச் சுற்றிக்கொண்டிருந்தது.

"பிரேக்லேருந்து காலை எடுத்துடாத தாயி. எடுத்தேன்னா எந்தலை உன் வண்டிக்குத்தான் சொந்தம்."

"அப்படியெல்லாம் சொல்லாதீங்கண்ணே, கால் நடுங்குது."

"கால் நடுங்குறது உன்னுதா, வண்டியுதா?"

"தெரியலண்ணே!"

நான்காவது தடவைதான் படம் விழுந்தது. ரப்பர் நடுவில் பிளந்து, உள்ளே இருந்த இரும்பு பளபளத்தது. ஸ்டோர்காரர் படத்தைப் பார்த்தார், டாக்டரின் முழங்கையில் சூடு பட்டுச் சிவந்திருந்த இடத்தைப் பார்த்தார். "ரப்பர் துண்டுக்குப் போயி உசுரைக் குடுக்கறியேய்யா" என்று வலைக்கடியில் புதிய மவுண்ட்டைத் தள்ளினார்.

அதற்குப் பிறகு டாக்டர் வேலையில் இறங்கிவிட்டார். ஆயில் தொட்டிக்கு அடியில் மரக்கட்டை வைத்து, ஜாக்கியை ஏற்றி, இன்ஜினின் பாரத்தை அது வாங்கிக்கொள்ளும் வரை மட்டும் தூக்கினார். போல்ட்டுகள் துருவேறி அடம்பிடித்தன. எண்ணெய் விட்டு, தட்டி, கெஞ்சி, கெட்ட வார்த்தை சொல்லிக் கழற்றினார். புதியதை வைத்து போல்ட்டுகளைக் கையால் மட்டும் திருகினார். பிறகு ஜாக்கியை இறக்கி, இன்ஜினைக் கடப்பாரையால் இப்படியும் அப்படியும் நெம்பி, தானாக ஓரிடத்தில் உட்காரும்வரை காத்திருந்தார். அவசரக்காரர்கள் இங்கேதான் கோட்டை விடுவார்கள். இன்ஜின் கோணலாக இருக்கும்போதே இறுக்கிவிட்டால் புது மவுண்ட் போட்டும் நடுக்கம் பாதி மிஞ்சும். டாக்டர் ஒரு டீ குடித்து முடிக்கும்வரை இன்ஜினை உட்காரவிட்டுவிட்டு, அப்புறம்தான் ஸ்பேனரை எடுத்தார்.

சாவியைத் திருப்பிய டிரைவர் மறுபடியும் திருப்பப் போனாள். இன்ஜின் ஓடுவது அவளுக்குத் தெரியவில்லை. ஓடுகிறது என்று அவர் சொன்னதும் ஸ்டீயரிங்கின் மேல் இரண்டு கைகளையும் வைத்து அப்படியே உட்கார்ந்திருந்தாள். கண் கலங்கியதைத் துடைத்துக்கொள்ளக்கூட இல்லை.

ஒவ்வொரு வண்டிக்கும் ஒரு அட்டை உண்டு. வேலை முடிந்ததும் டாக்டர் வழக்கமாக அதில் 'சரி' என்று ஒரே வார்த்தை எழுதுவார். அன்றைக்கு அவருக்கு மனசு நிறைந்திருந்தது. 'அதிர்வு இல்லை. சத்தம் இல்லை. முதல் தரம்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். இங்கே வாய் அவருடையது, கெட்டது அவள்.

மறுநாள் மதியம் அவள் பட்டறை வழியாகப் போகும்போது வண்டியை நிறுத்தாமலே கத்தினாள். "பின்சீட்டுல ஒரு அம்மா தூங்கிட்டாங்கண்ணே! நாந்தான் எழுப்பி எறக்கிவிட்டேன். அஞ்சு ஸ்டார்!" டாக்டர் ஸ்பேனரைத் தூக்கி ஆட்டினார்.

அதற்கடுத்த நாள் காலை, வண்டி ஒதுக்கும் சன்னலில் அவளுக்குப் பதினேழாம் எண் சாவியைக் கொடுத்தார்கள். நாற்பத்தொன்றின் சாவியை வெள்ளைச் சட்டை போட்ட வேறொரு டிரைவர் விரலில் சுழற்றிக்கொண்டு போனார். விஷயம் காதுக்கு வந்ததும் டாக்டர் கையைக்கூடத் துடைக்காமல் சூப்பர்வைசரின் அறைக்குப் போனார்.

"நானாய்யா குடுத்தேன்? மேலேருந்து லிஸ்ட் வருது" என்றார் சூப்பர்வைசர். அவரும் கெட்டவர் இல்லை. நாற்காலியை நகர்த்திப்போட்டு உட்காரச் சொன்னார். "முதல் தர வண்டின்னு நீதான எழுதியிருக்க? முதல் தர வண்டி நாலரை ஸ்டாருக்கு மேல இருக்கற டிரைவருக்கு. பெரிய ஓட்டல் சவாரிக்குப் போற வண்டி."

"சார், அந்தப் பொண்ணுக்கு ஸ்டார் கொறைஞ்சதே அந்த வண்டியாலதான். வண்டி இப்ப சரியாயிடுச்சு."

"ஸ்டார் வண்டிக்கு இல்லய்யா, ஆளுக்கு."

"வண்டி பண்ண தப்புக்கு ஆளு—"

"எனக்குப் புரியுது. கம்ப்யூட்டருக்கு யாரு புரிய வெக்கறது? நீ வெப்பியா?" சூப்பர்வைசர் குரலைத் தாழ்த்தினார். "ஆனா வேலை பிரமாதம். மேல வரைக்கும் போயிடுச்சு. இனிமே மவுண்ட் மாத்தற வண்டியையெல்லாம் அட்டையை நம்பாம நானே போனை டாஷ்போர்டுல வெச்சு நடுக்கத்தை அளந்து பாக்கணும்னு ஆர்டர். நடுங்கினா சிவப்பு, சுமாருன்னா மஞ்சள், சுத்தமா இருந்தா பச்சை, அதான் முதல் தரம்."

டாக்டர் திரும்பி வந்து, யாரோ ஒருவருடைய வண்டிக்குப் பிரேக் கட்டை மாற்றினார். அன்று முழுவதும் யாரையும் கிண்டல் செய்யவில்லை. அந்த அட்டையை எழுதிய விரல்களைப் பார்க்கும்போதெல்லாம் அவருக்கு எரிச்சலாக இருந்தது.

எட்டாம் நாள் பதினேழு வரிசைக்கு வந்தது. வரும்போதே நம்பர் பிளேட் ஆடியது. ஒரே வருஷத்தில் வாங்கிய வண்டிகள், ஒரே வருஷத்தில்தான் தேயும். அவள் போனை நீட்டவில்லை. அவராகத்தான் கேட்டார்.

"எவ்வளவு?"

"மூணு புள்ளி அஞ்சு. இனிமே ஒருத்தர் ஒத்த ஸ்டார் போட்டாப் போதும்."

டாக்டர் மறுபடியும் சந்தில் கையை நுழைத்துப் படமெடுத்தார். ஸ்டோர்காரர் இந்தத் தடவை படத்தைச் சரியாகப் பார்க்காமலேயே மவுண்ட்டைத் தள்ளிவிட்டார். பழையது வெளியே வந்தது, புதியது உள்ளே போனது. போல்ட்டுகளைக் கையால் திருகிவிட்டு, ஜாக்கியை இறக்கி, கடப்பாரையை எடுத்தபோது அவள் பக்கத்தில் வந்து நின்றாள்.

"அண்ணே, முழுசா சரி பண்ணிடாதீங்க."

அவருக்குப் புரியவில்லை.

"பச்சை வந்தா எடுத்துக்குவாங்க. அப்புறம் எனக்கு வர்ற வண்டி இதவிட மோசமாத்தான் இருக்கும். சிவப்பு வந்தா வண்டியை நிறுத்திடுவாங்க, எனக்கு ஓட்ட ஒண்ணும் இருக்காது. மஞ்சள்ல நின்னாத்தாண்ணே எங்கிட்டயே இருக்கும். கொஞ்சம் நடுங்கட்டும்."

"அட்டையில வேணும்னா மாத்தி எழுதறேன்."

"அட்டையை இப்ப யாருண்ணே பாக்கறா?"

டாக்டருக்குக் கோபம் வந்தது. யார்மேல் என்று தெரியாததால் அது அவள்மேல் பாய்ந்தது. "முப்பது வருஷம்! ஒரு போல்ட்டை நான் வேணும்னு கோணலா இறுக்கினது கெடையாது, தெரியுமா? நடுங்கற வண்டிக்கு ஜனங்க மறுபடியும் ஸ்டாரைக் கொறைக்க மாட்டாங்களா?"

"கொறைப்பாங்க. மெதுவாக் கொறையும். அதுக்குள்ள எம்பொண்ணுக்கு முழுப்பரீட்சை முடிஞ்சிடும்."

பின்னால் காத்திருந்த வண்டிகளில் ஒன்று ஹாரன் அடித்தது. அதைத் தொடர்ந்து இன்னொன்று. டாக்டர் அவளைப் பார்க்காமல் கையைக் காட்டினார். அவள் போய் டிரைவர் சீட்டில் உட்கார்ந்து இன்ஜினைக் கிளப்பினாள். வண்டி நூல் பிடித்த மாதிரி நின்றது. ஒரு நடுக்கமும் இல்லை. கொட்டகைத் தகரத்தில் பறவை ஏதோ நடக்கும் சத்தம்கூடக் கேட்டது.

அவர் கடப்பாரையை இடுக்கில் கொடுத்து, இன்ஜினை அது உட்கார்ந்திருந்த இடத்திலிருந்து ஒரு விரல்கடை நெம்பினார். அவள் ஸ்டீயரிங்கின் மேல் இரண்டு உள்ளங்கைகளையும் விரித்து வைத்துக் கண்ணை மூடிக்கொண்டாள்.

"வருதா?"

"லேசா வருதுண்ணே. பத்தாது."

இன்னும் கொஞ்சம் நெம்பினார். கண்ணாடி முனகத் தொடங்கியது.

"இப்ப?"

"இன்னும் ஒரு துளி."

டாஷ்போர்டில் கிடந்த சில்லறைக் காசுகள் ஒன்றையொன்று தொட்டு மெல்ல நகர்ந்தன. அவள் தலையைச் சற்றே சாய்த்துக் கேட்டாள். தோளிலும் கழுத்திலும் அந்த நடுக்கம் ஏறிப் பரவுவது பானெட்டின் இடுக்கு வழியாக அவருக்குத் தெரிந்தது.

"போதும்ணே. இதை நான் தாங்கிக்குவேன். இப்படியே இறுக்கிடுங்க."

டாக்டர் ஒரு கையால் கடப்பாரையைத் தோளோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு, மறுகையால் ஸ்பேனரை போல்ட்டில் மாட்டி, இம்மியும் தளராதபடி இறுக்கினார்.