ஆறு நிமிடப் பேய்

வடக்கனந்தல் மரவள்ளிக் கொல்லையில் மதியச் சோற்றுக்கு உட்கார்ந்த பெண்களின் நடுவே, பகலவன் தன் போனைத் தூக்குவாளியில் சாய்த்து வைத்தான். அவன் மனைவி கோகிலவாணி சோற்றை வெறுமனே பிசைந்துகொண்டிருந்தாள். இவர்கள் சிரித்தால் அவன் வரைந்த கார்ட்டூன் படம் இன்றைக்கே யூடியூபில் ஏறும். சிரிக்காவிட்டால் நாளைக் காலை கட்டட வேலைக்குப் பெங்களூரு பஸ் ஏறிவிடுவதாகச் சத்தியம் செய்திருந்தான், வீம்பு பிடித்த மனுஷன்.

சின்ன வயதில் இருவரும் டிவியில் வாய்பிளந்து பார்த்த கார்ட்டூன்தான் மூலம். நாலு பேரும் ஒரு நாயும் வேனில் போய்ப் பேய் பிடிப்பார்கள். முகமூடியைக் கழற்றினால் எவனாவது பேராசைக்காரன் இருப்பான். அதைக் கிண்டல் செய்து ஓர் ஆறு நிமிடப் படத்தை எட்டு மாதமாகப் போனில் விரலாலேயே வரைந்திருந்தான். வேனுக்குப் பதில் கிழங்கு ஏற்றும் லோடு ஆட்டோ. கல்வராயன் மலை வளைவில் அது முக்கி முனகி ஏறுகிற அழகைப் பார்க்க வேண்டுமே! கையெழுத்தே கோணலாகப் போகிற ஆளுக்கு இது எங்கிருந்து வந்தது என்று கோகிலவாணி மாய்ந்து போயிருந்தாள். அண்டாவுக்குள் தலையை விட்டுப் பேய்க்குக் குரல் கொடுத்தது அவள்தான்.

நாய் பயந்து ஆட்டோவுக்கடியில் நுழைந்ததும் பெண்கள் சிரித்தார்கள். அப்பாடா என்றிருந்தது. கடைசியில் பேயின் முகமூடியைக் கழற்றினால் உள்ளே கிழங்கு புரோக்கர்; அந்த முகத்தையும் உரித்தால் ஒன்றுமே இல்லை, வெறும் இருட்டு. அந்த இருட்டு கோகிலவாணியின் குரலில், "பசிக்குதுப்பா" என்றது. படம் முடிந்தது.

வயிறு குலுங்கச் சிரிக்க வேண்டிய இடம். ஒருத்தரும் சிரிக்கவில்லை; சோற்றிலிருந்த கைகள் நின்றுவிட்டன.

"சரி வுடுங்க" என்று பகலவன் முகம் செத்துப்போய்ப் போனை எடுக்கக் கை நீட்டினான். போய்விடுவானே என்று கோகிலவாணிக்கு அழுகை முட்டியது.

"இருடா, எடுக்காத" என்றாள் அமிர்தம். கூட வேலை செய்கிறவர்களில் மூத்தவள், யாரையும் லேசில் மெச்சாதவள். தன் வாளியிலிருந்து ஒரு பிடி சோற்றை மரவள்ளி இலையில் போட்டு, போனுக்கு முன்னால் வைத்தாள்.

"இன்னா அத்த, அது படம்" என்றாள் கோகிலவாணி.

"தெரியும்டி. பசிக்குதுன்னு பேய் கேட்டுச்சின்னா, அதுக்கு ஒரு வாய் வெக்காம நாம துண்ணக் கூடாது. காதுல வாங்கிக்கினு எப்பிடி துண்றது?"

பக்கத்திலிருந்த கலையரசி யோசித்துவிட்டு, தன் கருவாட்டில் ஒரு துண்டைப் பிட்டு மேலே வைத்தாள். அதற்குப் பிறகுதான் எல்லோர் கையும் மறுபடி சோற்றுக்குப் போயிற்று.

எங்கிருந்தோ ஒரு கட்டெறும்பு வந்து, பருக்கை ஒன்றைக் கவ்விக்கொண்டு கறுத்த திரைமேல் ஏறத் தொடங்கியது.

"பாரு, வாங்கிக்கிச்சி" என்றாள் அமிர்தம்.

பகலவன் நீட்டிய கையை மடக்காமல் அதையே பார்த்துக்கொண்டிருந்தான். எறும்பை ஊதித் தள்ள யாருக்கும் மனம் வரவில்லை.