ஒரு கஜம் நாடா

மார்ச் 12, வியாழன்.

இன்று ஒரு சின்னத் தவறு செய்தேன். ஒரு நாடாவை வெட்டினேன். ‘சின்ன’ என்ற சொல் சரிதானா என்று சந்தேகம். அடிக்காமல் விட்டுவைக்கிறேன்.

போருக்குத் தப்பி வந்த பிள்ளைகள் தங்கும் எங்கள் காப்பகத்தில் ஓர் அக்காவும் தம்பியும் இருக்கிறார்கள். அவளுக்கு எட்டு வயது, அவனுக்கு மூன்று. எல்லையில் கூட்ட நெரிசலில் அம்மாவின் கை நழுவியதிலிருந்து, தன் மணிக்கட்டையும் அவன் மணிக்கட்டையும் பாவாடை நாடாவால் சேர்த்து முடிந்துகொண்டுதான் திரிகிறாள். சாப்பாடு, தூக்கம், கழிப்பறை எல்லாம் அந்த நாடாவின் நீளத்துக்குள்தான்.

இன்று மழலையர் கட்டடத் திறப்பு விழா. ஐந்து வயதுக்குக் கீழே உள்ளவர்களெல்லாம் இனிமேல் அங்கே, ஊரின் மறுகோடியில். வாசலில் கொடையாளரின் பெயர் ஆள் உயரத்துக்கு மின்னுகிறது. உள்ளே ஜன்னலுக்குத் திரை இல்லை. காலையிலிருந்து சால்வையைச் சரிசெய்துகொண்டிருந்த நிர்வாகி அம்மா, நாடாவைக் கண்டதும் முகம் சுளித்தார்.

“போட்டோல பார்த்தா நாமதான் கட்டிப் போட்டிருக்கோம்னு நினைப்பாங்க. வெட்டி விடும்மா.”

ரிப்பனுக்காகத் தட்டில் வைத்திருந்த கத்தரிக்கோல் கைக்கு எட்டியது. வெட்டினேன். அதே கத்தரிக்கோலால் கொடையாளர் ரிப்பனை வெட்ட, எல்லோரும் கை தட்டினார்கள். பிறகு கொடையாளர் தம்பியை மடியில் தூக்கி வைத்துக்கொண்டு தன் கண்ணைத் துடைத்தார். படக்காரர் அதைத் தவறவிட்டதால் இன்னொரு முறை துடைத்தார்.

அக்கா மேடையேறி அவர் கையைக் கடித்தாள். தம்பியை இழுத்துக்கொண்டு மேடைக்கு அடியில் புகுந்துகொண்டாள். நிர்வாகி அம்மா மைக்கில், பாசக்காரப் பிள்ளைகள் என்று சமாளித்தார். மைக்கை வைத்ததும் என் பக்கம் திரும்பினார்.

“இவ்ளோ செஞ்சும் நன்றியே இல்ல பாரு. நாளைக்குப் பத்து மணிக்கு வண்டி வரும், சின்னவனை ஏத்தி அனுப்பு. நாலு நாள்ல அவளே மறந்துடுவா.”

தன் பிள்ளையைப் பள்ளி வாசலில் விட்டுவிட்டு மூன்று முறை திரும்பிப் பார்க்கும் அம்மா இவர்.

மேடைக்கு அடியில் தவழ்ந்து போனேன். அக்கா முதலில் என் கைகளைப் பார்த்தாள். கத்தரிக்கோல் இல்லை என்று விரித்துக் காட்டினேன்.

“நாடா குட்டையாயிடுச்சு, டீச்சர். முடிச்சுப் போட எட்டல.”

நானும் போட்டுப் பார்த்தேன். எட்டவில்லை. இருவரின் சட்டை முனைகளையும் சேர்த்து முடிந்துவிட்டு, நான் படிக்கும் குழந்தை உளவியல் வகுப்புக்கு ஓடினேன். மாலை வகுப்பில் இன்றைய பாடம், பிரிவினால் குழந்தைகளுக்கு வரும் அச்சம். ஒரு வரி விடாமல், சிவப்பு மையில் அடிக்கோடிட்டுக் குறிப்பெடுத்திருக்கிறேன். வெட்கங்கெட்ட கை.

நாளை: கடை திறந்ததும் ஒரு கஜம் நாடா வாங்க வேண்டும். வண்டி வருவதற்குள் இருவர் கையையும் சேர்த்து முடிந்துவிட வேண்டும். சின்னவனைத் தனியாக ஏற்ற மாட்டேன் என்று நிர்வாகி அம்மாவிடம் சொல்ல வேண்டும்.