நெஜ்தெத்தின் சொந்தக் குரல்

நெஜ்தெத் பிறர் எடுத்த நூற்று நாற்பது துருக்கிப் படங்களில் நடித்தவர். ஒன்றில்கூட அவருடைய குரல் இல்லை. இதை அவர் எனக்கு எழுதிக் காட்டியபோது நான் நம்பவில்லை. வீடு வீடாகப் போய் முதியவர்களைப் பராமரிப்பது என் வேலை. ஒரு காலத்தில் தான் பெரிய ஆள் என்று சொல்லாத கிழவர் எவரையும் நான் இதுவரை சந்திக்கவில்லை.

அவர் ஒஸ்லோவின் அம்மருட் பகுதியில், ஒன்பதாம் மாடியில் தனியாக இருந்தார். தொண்டையில் புற்றுநோய் வந்து குரல்வளையை எடுத்துவிட்டார்கள். நான் போகத் தொடங்கியது அதற்குப் பிறகுதான். நான் பேசுவேன், அவர் கொப்பியில் எழுதுவார். இருவருடையதும் ஓட்டை நோர்வேஜியம் என்பதால் சண்டை பிடிக்க வசதியாக இருந்தது. இங்கே அதை என் தமிழிலேயே தருகிறேன்.

அந்தக் காலத்து இஸ்தான்புல்லில் படம் பிடிக்கும்போது குரலைப் பதிவதில்லையாம். பிறகு ஸ்டூடியோவில் டப்பிங்காரர்கள் பேசுவார்கள். வில்லனுக்குப் பக்கத்தில் நின்று சிரிப்பவர், பொய்ச்சாட்சி சொல்லும் குமாஸ்தா, அடிவாங்கிப் போகும் தரகர், எல்லாம் நெஜ்தெத். அத்தனை பேருக்கும் பேசியவர் ஃபிக்ரெட் என்று ஒருவர். தெருவில் நெஜ்தெத் வாய் திறந்தால், இது உன் குரல் இல்லையே என்று சனம் சிரிக்குமாம்.

அந்த ரோஷத்தில் வீட்டை விற்றுத் தானே ஒரு படம் தயாரித்தார். ஸ்டூடியோவில் மூன்று நாள் நின்று தன் பாத்திரத்துக்குத் தானே பேசினார். விநியோகஸ்தரிடம் படத்தைக் கொடுத்த கையோடு, ஓர் அரசியல் வழக்குக்குப் பயந்து ஒஸ்லோவுக்கு ஓடிவந்துவிட்டார். முப்பது வருடம் இங்கே ட்வெய்ட்டா பகுதியில் துப்புரவு வேலை. தன் படத்தை அவர் பார்க்கவே இல்லை.

"அந்தப் படத்தை ஒருக்கா கேக்கவேணும்" என்று எழுதினார்.

"பாக்கவேணும் எண்டு எழுதுங்கோ."

"இல்லை. கேக்கவேணும்."

அவருக்கு மனைவி பிள்ளைகள் இல்லை. குரல் இருந்த காலத்திலும் போனில் பேசப் பிடிக்காதாம். அவர் குரல் வேறெங்கும் பதிவாகி இருக்கவில்லை.

படத்தைத் தேடித் தரச் சொல்லி வீட்டில் என் மகள் டிலக்சியைப் பிடித்தேன். "உங்களுக்கு வேறை வேலை இல்லையே அம்மா?" என்றாள். ஆனாலும் ஏழு மாதம் தேடினாள். ஜெர்மனியில் பழைய வீடியோ கசெட் சேர்க்கும் ஒருவரிடம் அந்தப் படம் இருந்தது. அவர் அதைக் கணினிக்கு மாற்றி அனுப்பினார். அதற்குள் நோய் நெஞ்சுக்கு இறங்கி, நெஜ்தெத் படுத்த படுக்கையாகிவிட்டார்.

மடிக்கணினியை அவருக்கு முன்னால் வைத்தேன். ஒரு ரயில் நிலையம். மீசை வைத்த இளம் நெஜ்தெத் தொப்பியைக் கழற்றிவிட்டு ஏதோ பேசினார். கணீரென்ற குரல்.

"என்ன அருமையான குரல் ஐயா. இதை வைச்சுக்கொண்டோ இவ்வளவு காலமும் ஆரோடையும் கதையாமல் இருந்தனீங்கள்?"

அவர் கொப்பியை எடுத்தார்.

"இது ஃபிக்ரெட்."

சனத்துக்குப் பழகிய குரல்தான் ஓடும் என்று விநியோகஸ்தர் மாற்றிவிட்டிருக்கிறார். நெஜ்தெத் அழவில்லை, நான்தான் அழுதேன். அந்த விநியோகஸ்தரை விட, அவசரப்பட்டுப் புகழ்ந்த என் வாயின் மேல்தான் எனக்கு ஆத்திரம் வந்தது. படத்தை நிறுத்தப் போனேன். நெஜ்தெத் என் கையைத் தடுத்தார். கடைசிவரை பார்த்தார். நடுவில் ஓரிடத்தில், "நல்லாய்த்தான் பேசியிருக்கிறான்" என்றுகூட எழுதினார். அதை வாசிக்க எனக்கு இன்னும் மோசமாக இருந்தது.

முடிந்த பிறகு கேட்டேன்.

"உங்கடை குரல் எப்பிடி இருந்தது? மெல்லிசோ, தடிப்போ? எனக்கு எழுதிக் காட்டுங்கோ."

பேனையைப் பிடித்தபடி வெகுநேரம் யோசித்தார். பிறகு எழுதினார்.

"மறந்துபோச்சு. அதுக்குத்தான் கேக்கவேணும் எண்டனான்."