தம்பியை வார்டுக்கு மாற்றிய விலை

ஏதென்ஸில் பொலிக்ஸேனி தொகுத்த படங்கள் அறுபதுக்கு மேல். எந்த இடத்தில் வெட்டினால் அரங்கம் சிரிக்கும் என்பது அவள் விரல்களுக்குத் தெரியும். ராணுவம் ஆட்சியைப் பிடித்த இரண்டாம் மாதம், துண்டுப் பிரசுரம் அச்சடித்ததாக அவள் தம்பி ஸ்ட்ராத்திஸைத் தீவொன்றிலிருந்த கூடாரச் சிறைக்கு அனுப்பிவிட்டார்கள்.

ஸ்டுடியோ முதலாளி வர்தாலஸ் அவளை அறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார்.

"அரசாங்கச் செய்திப்படத்துக்கு எடிட்டர் கேக்கறாங்க. உன் பேரச் சொல்லிட்டேன்."

"என்னைக் கேக்காமலா முதலாளி?"

"தம்பி நெஞ்சு சரியில்ல, கூடாரத்துல குளிர் தாங்கமாட்டான்னு நீதானே அழுத? ஒழுங்கா வேலை பாத்தா அவனை ஆஸ்பத்திரி வார்டுக்கு மாத்துவாங்க."

அவள் ஒத்துக்கொண்டாள். அமைச்சர்களின் தடுமாற்றத்தை வெட்டினாள். காலி நாற்காலிகள் தெரிந்த இடங்களில் பழைய ஊர்வலக் கூட்டத்தைச் சேர்த்தாள். ஸ்ட்ராத்திஸ் வார்டுக்குப் போனான். காபிக்கடையில் பழகியவர்கள் அவள் உட்கார்ந்ததும் எழுந்து போனார்கள்.

மூன்றாம் வருஷம் அவளுக்குப் பொறுக்கவில்லை. ஒரு பேச்சில் எதையும் வெட்டாமல், அமைச்சர் வாக்கியத்தை மறந்து விழித்ததை அப்படியே விட்டாள். வேலையிலிருந்து துரத்திவிடுவார்கள் என்று நம்பினாள். துரத்தவில்லை. பத்து நாளில் தம்பியின் கடிதம் வந்தது. திரும்பவும் கூடாரம். அந்த வாரமே வர்தாலஸிடம் போனாள்.

"கை தவறிடுச்சுன்னு சொல்லுங்க முதலாளி. இனிமே தவறாது."

தவறவில்லை. ஸ்ட்ராத்திஸ் மறுபடி வார்டுக்குப் போனான். இன்னும் நாலு வருஷம்.

ஆட்சி கவிழ்ந்த கோடையில் பிரேயஸ் துறைமுகத்தில் தம்பியை வரவேற்க நின்றாள். கப்பலிலிருந்து இறங்கியவர்கள் ஒருவரையொருவர் கட்டிப்பிடித்து அழுதார்கள். ஸ்ட்ராத்திஸ் மட்டும் தனியாக வந்தான்.

வீட்டில் பருப்பு சூப்பை ஊற்றினாள். அவன் கரண்டியைத் தொடவில்லை.

"கூடாரத்துல ஒன்பது பேரு நடுங்கறப்ப எனக்கு மட்டும் கட்டில், கம்பளி. நான் அரசாங்கத்துக்கு மன்னிப்புக் கடிதம் எழுதிக் கொடுத்துட்டேன்னு முடிவு பண்ணிட்டாங்க அக்கா. ஏழு வருஷத்துல எவனும் எங்கிட்ட வாய் திறக்கல."

"நீ செத்துடுவேன்னு பயந்துதாண்டா..."

"தெரியும். செத்திருக்க மாட்டேன்னு சொல்லல."

மறுநாள் அவளே தம்பியைக் கூட்டிக்கொண்டு கிளம்பினாள். கூடாரத்துக்குத் தலைவனாக இருந்த மனோலியோஸ், துறைமுகத்தை ஒட்டிய கொக்கினியாவில் செருப்புத் தைத்துக்கொண்டிருந்தான். தம்பி வாசலிலேயே நின்றுவிட்டான்.

"அவன் எதுலயும் கையெழுத்துப் போடல. வேலை செஞ்சது நான். அந்தப் படமெல்லாம் நான் வெட்டினது" என்றாள்.

மனோலியோஸ் ஊசியைக் கீழே வைத்தான்.

"அந்தப் படத்தையெல்லாம் எங்கள நிக்கவெச்சுக் காட்டினானுங்கம்மா."

எழுந்து வாசலுக்குப் போய் ஸ்ட்ராத்திஸைக் கட்டிக்கொண்டான். இருவரும் ஏதோ பேசிக்கொண்டே தெருமுனைக் காபிக்கடைக்கு நடந்தார்கள். அவளை வா என்று யாரும் சொல்லவில்லை. தோல் வாசனை அடித்த அந்தச் சிறிய கடைக்குள், எப்போது வெளியே போவது என்று தெரியாமல், பொலிக்ஸேனி நின்றுகொண்டே இருந்தாள்.