வயிறு அசைகிற காட்சி

"கொஞ்சம் மேலே தூக்கிப் பிடிக்கா. எனக்குக் கன்னத்துலயா காது இருக்கு?"

போனைப் பிடித்திருந்த அக்காவுக்குக் கை கடுத்தது. மூச்சுக்குத் திணறுகிற நிலையிலும் தம்பிக்கு வாய் மட்டும் குறையவில்லை. இன்றோ நாளையோ என்று மருத்துவர் காலையில்தான் சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

போனின் மறுமுனையில் தியேட்டர். அவனுடைய கடைசிப் படத்தின் முதல் காட்சி அங்கே ஓடிக்கொண்டிருந்தது. தம்பி மனைவி போனை மடியில் வைத்துக்கொண்டு நடு வரிசையில் உட்கார்ந்திருந்தாள். படத்தை வெட்டி ஒட்டியவளும் அவள்தான். போக மாட்டேன் என்று அழுதவளை அவன்தான் விரட்டி அனுப்பினான். "அந்த இடத்துல சிரிக்கிறாங்களான்னு எனக்குத் தெரிஞ்சாகணும்."

கதை எழுதி வந்த பணத்தைப் படத்தில் விடுவான். விட்ட கதையை இன்னொரு கதையாக எழுதுவான். அவன் பிழைப்பு அப்படித்தான் ஓடியது. நடிக்க ஆள் வைக்க வசதியில்லாததால், அவன் படங்களில் யார் சாக வேண்டியிருந்தாலும் அக்காதான் செத்தாள். "சும்மா படுத்துக் கிடக்கிறதுதானேக்கா" என்பான். சும்மா கிடப்பது அவளுக்கு வரவே வராது. "அக்கா, வயிறு அசையுது" என்று ஒவ்வொரு முறையும் கேமராவுக்குப் பின்னாலிருந்து கத்துவான்.

இந்தப் படத்திலும் அசைந்தது. உறவுக்காரர்கள் சுற்றி நின்று அழும் காட்சி. படம்பிடிக்க வீடு கொடுத்தவர் சாவியைத் திரும்ப வாங்கிக்கொண்ட பிறகுதான் கவனித்தார்கள். மறுபடி எடுக்க வழியில்லை.

"வெட்டிடலாம். பிணம் மூச்சு விட்டா ஊரே சிரிக்கும்" என்றாள் மனைவி.

"சிரிக்கட்டுமே" என்றவன் ஒரு வசனம் எழுதி, செத்தவளின் கணவனாக நடித்தவரைப் பேசவைத்து, குரலை மட்டும் அந்த இடத்தில் சேர்த்துவிட்டான். அன்றிலிருந்து இருவருக்கும் ஓயாத வழக்கு. படுக்கையில் விழுந்த பிறகும் அவன் விட்டுக்கொடுக்கவில்லை.

அக்கா மனைவியின் பக்கம்தான். ஆயுசு முழுக்க யாரும் பார்க்காத படங்களை எடுத்தவன், பார்க்க ஆள் வந்த ஒரு படத்தில் கேலிக்கு ஆளாகிவிடுவானோ என்று பயந்தாள்.

போனில் பலர் அழுகிற சத்தம் கேட்டது.

"வருது" என்றான் தம்பி.

அழுகை அடங்கியது. படத்துக் கணவனின் குரல் நிதானமாகச் சொன்னது: "கூட்டம் கலையட்டும்னு காத்திருக்கா. எல்லாரும் போனதும் எழுந்து, யார் யார் பொய்யா அழுதாங்கன்னு எங்கிட்ட சொல்லுவா."

ஒன்றும் கேட்கவில்லை. அக்கா கண்ணை இறுக மூடிக்கொண்டாள். பிறகு எங்கோ ஒருவர் களுக்கென்றார். அடுத்த நொடி போனே அதிர்ந்தது. அரங்கம் மொத்தமும் சிரித்தது. அடங்குவதுபோல் வந்து மறுபடியும் கிளம்பியது.

"அடுத்த வசனம் போச்சு" என்று அலுத்துக்கொண்டான் தம்பி. முகமெல்லாம் சிரிப்பு. "கிடைச்ச பேரெல்லாம் உன் வயித்துக்குத்தான்க்கா."

"போடா." பெருமையோடு அவன் போர்வையை இழுத்துச் சரிசெய்தாள்.

அவன் கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தான். யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். மறுபடி சிரிப்பு. வெகுநேரம் கழித்துக் கைதட்டல் எழுந்தது; எழுந்தது நிற்கவில்லை. அதற்கும் மேலே மனைவியின் குரல்.

"கேக்குதா? எல்லாரும் எழுந்து நிக்கிறாங்க. நீங்கதான் ஜெயிச்சீங்க, நான் தோத்துட்டேன். அக்கா, என்ன சொல்றார்?"

அக்கா போர்வையைப் பார்த்தாள். வயிற்றின் மேல் ஒரு மடிப்புகூட அசையவில்லை. உதட்டில் சிரிப்பு அப்படியே இருந்தது.

"கேட்டுட்டிருக்கான்" என்றாள். "நீ போனை வச்சிடாத."

கை கடுத்தது. மறு கைக்கு மாற்றி, கொஞ்சம் மேலே தூக்கிப் பிடித்தாள்.