ஊருக்கெல்லாம் அம்மா

என் அத்தை கிரிஹாரா மிசாவோ அறுபது வருடம் சினிமாவில் நடித்தாள். பாருங்கள், பழக்கத்தில் அத்தை என்றே எழுதிவிட்டேன். அவள் என்னைப் பெற்றவள். அவள் கன்னிப்பெண் வேஷங்களில் கொடிகட்டிப் பறந்த காலத்தில் நான் பிறந்தேன். கதாநாயகிக்குக் குழந்தை இருப்பது தெரிந்தால் படம் ஓடாது என்றது கம்பெனி. கியோத்தோவில் ஸ்டூடியோவுக்கு எதிரே முடிவெட்டும் கடை வைத்திருந்த அவள் அண்ணன், என்னைத் தன் மகளாக வளர்த்தார். நான் பள்ளிக்கூடம் முடித்தபோது அவரே உண்மையைச் சொன்னார். தனியாக இருந்தாலும் அத்தை என்றே கூப்பிடு, வாய் தவறிவிடக் கூடாது என்றும் சொன்னார்.

வயது ஏறியதும் அவளுக்கு அம்மா வேஷம் வந்தது. அட, என்ன அம்மா! போருக்குப் போகும் மகனுக்குச் சோற்று உருண்டை பிடிப்பாள், ஓடிப்போன மகளை மழையில் தேடுவாள். கொட்டகையே அழும். நான் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். எனக்கு ஒரு நாள்கூட ஒரு உருண்டை பிடித்துத் தந்ததில்லை. புத்தாண்டுக்கு வருவாள், நல்லா இருக்கியா சுமியெ என்பாள், வாசலில் கார் காத்திருக்கும். எரிச்சலாக வரும். ஆனாலும் விடிந்ததிலிருந்து கடைக் கண்ணாடி வழியாகத் தெருவைப் பார்த்துக்கொண்டிருப்பது நான்தான்.

எனக்கு வேண்டியது ஒன்றுதான். நாலு பேர் முன்னால் ஒரு தடவை என்னைத் தன் மகள் என்று அவள் சொல்ல வேண்டும்.

போன வசந்தத்தில், எண்பத்திரண்டு வயதில், நடிப்பை விட்ட அவளுக்கு விடைகொடுக்க ஓட்டலில் மதிய விருந்து வைத்தார்கள். கிளம்பும்போது, இன்றைக்குச் சொல்லிவிடப் போகிறேன் என்றாள். உடுத்திவிட்டுக்கொண்டிருந்த நான், அவள் கிமோனோவின் இடுப்புப்பட்டையைக் கோணலாகக் கட்டி, அவிழ்த்து மறுபடி கட்டினேன்.

மேடையில் மைக்கை வாங்கி, என் தோளில் கை வைத்தாள்.

"இவ என் மக. நான் பெத்த மக."

கடைசி மேசை வரை கேட்டது. பிறகு ஹாஷிசுமெ எழுந்தார். அறுபத்தைந்து வயது நடிகர், அவளுக்கு மகனாகவே பல படங்களில் செத்தவர்.

"மூத்த பிள்ளை நான் இங்க குத்துக்கல்லாட்டம் இருக்கேன், என்னை விட்டுட்டீங்களேம்மா?"

கூடமே சிரித்தது. இரண்டாவது பிள்ளை நான் என்றார் ஒருவர். என்னைத் தத்துக் கொடுத்தது மறந்துபோச்சா என்றாள் ஒருத்தி. மேடையில் அத்தை கையை ஆட்டி, இல்லப்பா, நிஜமாத்தான் சொல்றேன் என்றாள். அதற்கும் கைதட்டினார்கள். இந்த வயசிலும் என்ன நடிப்பு என்று பக்கத்து மேசையில் ஒரு பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

பிள்ளைகள் எல்லாரும் அவளைச் சுற்றி நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். நான் பூச்செண்டுகளைச் சுமந்துகொண்டு நின்றேன். அண்ணன் மகள்தானே, கொஞ்சம் தள்ளி நில்லுங்க என்றார் புகைப்படக்காரர்.

டாக்சியில் ஏறினோம். அவள் இயக்குநரிடம் கேட்பதைப் போலக் கேட்டாள்.

"சரியா வரலையா? இன்னொரு தடவை சொல்லிப் பார்க்கட்டுமா?"

என் இத்தனை வருடக் கோபமும் எங்கே போனதென்று தெரியவில்லை. அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். அம்மா என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

"நல்லாத்தான் சொன்னீங்க, அத்தை" என்றேன்.