அவள் நாவலில் வந்தவன்

மனைவி மாத நாவல் எழுதுகிறவள். கணவன் அதைக் கம்ப்யூட்டரில் அடித்துக் கொடுக்கிறவன். பதினோரு வருஷமாக இதுதான் ஏற்பாடு. பகலெல்லாம் அவளுக்கு ஒரு ரத்தப் பரிசோதனை லேபில் வேலை. சாப்பாட்டு நேரத்தில் நுணுக்கி நுணுக்கி எழுதி, மாலையில் கொண்டுவந்து அவன் மேஜையில் வைப்பாள். சும்மா சொல்லக் கூடாது, மனுஷனுக்கு விரல்கள் பறக்கும். ஆனால் அடிப்பதில் ஒரு வரிகூட மண்டையில் ஏறாது. படித்துக்கொண்டே அடித்தால் பிழைப்பு நடக்காது என்பது அவன் கட்சி.

இந்த முறை ஒரு சொல் விளங்கவில்லை. என்னவாக இருக்கும் என்று முந்தைய பக்கத்தைப் புரட்டிப் படித்தான், வந்தது வினை. நாவலில் கல்யாணமான ஒருத்தி, லேபில்தான் வேலை. அவள் வேலை முடிந்து வரும்போது ஒருவன் தினமும் வாசலில் நிற்கிறான். அவளுக்குப் பல் பிடுங்கிய அன்று கையைப் பிடித்தபடி பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறான். போன வருஷம் இவன் மனைவிக்கும்தான் பல் பிடுங்கினார்கள். தனியாகப் போய்வந்ததாக அல்லவா சொன்னாள்?

மூன்று நாள் சோறு இறங்கவில்லை. லேபுக்குப் புதிதாக வந்திருக்கும் டாக்டரோ, ரிப்போர்ட் வாங்க வருகிற இன்ஷூரன்ஸ்காரனோ என்று மண்டையை உடைத்துக்கொண்டான். இந்த ஆளோடு அவள் கிளம்பிப் போய்விட்டால் தன் கதி என்ன என்ற கவலை வேறு. ஆத்திரம் தாங்காமல் நாவலில் வருகிற அவனுக்கு ஓரிடத்தில் வழுக்கை போட்டு அடித்துவிட்டான். பிறகு தொழில் தர்மம் உறுத்தி அதை அழித்தான்.

நான்காம் நாள், கையும் களவுமாகப் பிடித்துவிடுவது என்று ஐந்து மணிக்கே லேப் வாசலில் போய் நின்றான். அவள் தனியாகத்தான் வந்தாள். அவனைப் பார்த்ததும் அவள் முகத்தில் ஈயாடவில்லை. மாட்டிக்கொண்டாள் என்று நினைத்தான். அவளோ ஓடிவந்து அவன் கையைப் பிடித்தாள்.

"யாருக்கு என்னங்க ஆச்சு? அம்மாவுக்கா?"

இதற்கு முன் அவன் அந்த வாசலுக்கு வந்தது ஒரே ஒரு தடவை. அவள் அப்பா தவறிப்போன அன்று.

யாருக்கும் ஒன்றுமில்லை என்றான். அதோடு விட்டிருக்கலாம், விட்டால்தானே! நாவலில் வருகிறவன் யார் என்று கேட்டுவிட்டான். படித்தாயிற்றா என்று அவள் ஆச்சரியமாகக் கேட்டாள். பிறகு அவன் கையை விட்டுவிட்டாள்.

"அப்படி ஒருத்தன் இல்லங்க. நீங்க எதெல்லாம் செய்யலையோ, அதையெல்லாம் எழுதிட்டே வந்தேன். கடைசியில பார்த்தா ஒரு முழு ஆளே வந்துட்டான்."

அப்பாடா என்றுதான் முதலில் தோன்றியது அவனுக்கு. பிறகுதான் உறைத்தது. ஒருத்தன் இருந்திருந்தால் சட்டையைப் பிடித்து நாலு கேள்வி கேட்டிருக்கலாம். இப்போது யார் சட்டையைப் பிடிப்பது? இருந்தாலும் கேட்காமல் இருக்க முடியவில்லை.

"நிஜமாவே அப்படி ஒருத்தன் வந்து நின்னா போயிடுவியா?"

அவள் அவனை நேராகப் பார்த்தாள்.

"தெரியலங்க."

கதை எழுதுகிறவள்தானே, மாட்டேன் என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம். அவள் சொல்லவில்லை.